மறுமதிப்பீட்டு முடிவு வரவில்லை: வழக்குப் போடலாமா?

கேள்வி: பி.எஸ்சி. இறுதிப் பருவத்தில் ஒரு தாளில் தேர்ச்சி பெறவில்லை. பணம் கட்டி மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்து மூன்று மாதமாகிறது. கேட்டால் ‘வரும், வரும்’ என்கிறார்கள். எம்.எஸ்சி. சேர்க்கை முடியப்போகிறது. நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகலாமா? - வாசகி, தஞ்சாவூர் மாவட்டம்

பதில்: அங்கே போகாதீர்கள். தேர்வுக் கட்டணம் கட்டியதாலேயே மாணவர் நுகர்வோர் ஆகிவிடமாட்டார் என்று உச்ச நீதிமன்றம் 2009, 2010 ஆகிய ஆண்டுகளில் இரண்டு வழக்குகளில் சொல்லிவிட்டது.

மதிப்பெண் குறைந்துவிட்டது என்று வாதிடுவதும் உதவாது. விடைத்தாளை நீதிபதிகளே மதிப்பிடக் கூடாது என்று 2017 டிசம்பரில் ரண் விஜய் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்திருக்கிறது. தாமதத்தை மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள். மறுமதிப்பீடு உண்டு என்று விதி சொல்கிறது, கட்டணமும் வாங்கியாகிவிட்டது. முடிவைச் சொல்லாமல் இழுத்தடிக்கப் பல்கலைக்கழகத்துக்கு உரிமை கிடையாது.

முதல் வேலை, தேர்வுக் கட்டுப்பாட்டாளருக்கு ஒரு கடிதம், பதிவாளருக்கு நகல். பதிவெண், தாளின் குறியீடு, கட்டண ரசீது எண், விண்ணப்பித்த நாள், சேர்க்கையின் கடைசி நாள், எந்த நாளுக்குள் முடிவு வேண்டும் என்பது - இவ்வளவும் அதில் இருக்க வேண்டும். ‘தயவுகூர்ந்து ஆவன செய்யுமாறு’ என்று மட்டும் முடியும் கடிதம் கோப்பில் தூங்கிவிடும். விரைவு அஞ்சலில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றைப் பத்திரப்படுத்துங்கள். பின்னால் வழக்குப் போட நேர்ந்தால் உயர் நீதிமன்றம் முதலில் கேட்பது அதைத்தான்.

கூடவே மாணவர் குறைதீர்க் குழுவிடமும் புகார் கொடுங்கள். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2023ஆம் ஆண்டு ஒழுங்குமுறைகளில், கால அட்டவணையைத் தாண்டி முடிவுகளைத் தாமதிப்பதும் ஒரு குறைதான். குழுவுக்கு 15 வேலை நாள் அவகாசம் உண்டு. அதன் முடிவில் திருப்தி இல்லையென்றால் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் விடைத்தாள் நகல் கேட்கவும் உச்ச நீதிமன்றத்தின் 2011ஆம் ஆண்டுத் தீர்ப்பு வழி செய்திருக்கிறது. விடைத்தாள் மதிப்பீட்டாளருக்கு எந்தத் தேதியில் போனது, எப்போது திரும்பியது என்றும் அந்த மனுவிலேயே கேளுங்கள். பதிலுக்கு 30 நாள் ஆகும் என்பதால் சேர்க்கைக்கு இதை நம்பியிருக்க முடியாது.

சேர்க்கை நாள் நெருங்கிவிட்டால், அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் நீதிப்பேராணை (ரிட்) மனுத் தாக்கல் செய்யலாம். இத்தனை வாரத்துக்குள் முடிவை வெளியிட வேண்டும் என்பது முதன்மைக் கோரிக்கை. அதுவரை ஓர் இடத்தைக் காலியாக வைக்க வேண்டும் என்பது இடைக்காலக் கோரிக்கை. இரண்டாவதைக் கேட்பதென்றால், நீங்கள் சேர விரும்பும் கல்லூரியையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும். பலர் இதை மறந்துவிட்டு நாள்களை இழக்கிறார்கள். இடைக்கால உத்தரவு கிடைத்தாலும், மறுமதிப்பீட்டில் தேர்ச்சி வராவிட்டால் அந்த இடம் நிலைக்காது. வழக்குச் செலவு பயமுறுத்தினால் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச உதவி உண்டு.

இதற்கிடையில் அரியர் தேர்வுக்குப் பணம் கட்டும் நாளைத் தவறவிட்டுவிடாதீர்கள்.