மைனர் லீக்கில் கழிந்த ஆண்டுகள் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

என்.எச்.எல். எனப்படும் தலைமை ஐஸ் ஹாக்கிப் போட்டியில் ஓர் ஆட்டம்கூட ஆடாத ஜாரெட் பெட்நார், அதே போட்டியில் பயிற்சியாளராகக் கோப்பை வென்றதைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். களத்தில் தோற்றவர்களே நல்ல ஆசான்கள் ஆவார்கள் என்னும் ஆறுதல் கதையாகவே அது எனக்குப் பட்டது. நேத்தன் மெக்கின்னன், கேல் மகார் போன்ற நட்சத்திரங்கள் இருக்கும் கொலராடோ அணிக்கு யார் பயிற்சியாளராக இருந்தாலும் வெற்றி கிடைத்திருக்கும் அல்லவா? அத்துடன், ஒருவருடைய வாழ்க்கையை வைத்துப் பொதுவாக ஒன்றைச் சொல்லிவிட முடியுமா?

– பெயரை வெளியிட விரும்பாத வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

தோற்றவர்கள் நல்ல ஆசான்கள் ஆவார்கள் என்பதை நானும் நம்பவில்லை. அப்படி ஒரு விதி இருந்தால் மைனர் லீக் எனப்படும் கீழ்நிலைப் போட்டிகளில் ஆடி ஓய்ந்த ஆயிரக்கணக்கானோர் இன்று பெரும் பயிற்சியாளர்களாக இருந்திருக்க வேண்டும். ஆனால் பெட்நாரைத் 'தோற்ற ஆட்டக்காரர்' என்னும் ஒரே அடையாளத்தில் நீங்கள் அடக்கிவிடுவதை என்னால் ஏற்க முடியவில்லை. ஆட்டக்காரராக அவர் எட்டாத உயரத்தைக் கணக்கிடும் நீங்கள், பயிற்சியாளராக அவர் உழைத்த ஆண்டுகளைக் கணக்கில் சேர்க்கவே இல்லை.

அவர் 1972இல் கனடாவின் சஸ்காச்சுவான் மாநிலத்திலுள்ள யார்க்டனில் பிறந்தவர். கோல் அடித்துப் பெயர் வாங்கிய ஆட்டக்காரர் அல்லர். முரட்டுத்தனமாக மோதி ஆடும் தடுப்பாட்டக்காரர். 1993இல், அமெரிக்காவின் மூன்றாம் நிலைப் போட்டியான இ.சி.எச்.எல்.-இல் ஹண்டிங்டன் அணிக்காகத் தொழில்முறை ஆட்டத்தைத் தொடங்கினார். பிறகு தென் கரோலினாவின் நார்த் சார்ல்ஸ்டனைச் சேர்ந்த ஸ்டிங்ரேஸ் அணிக்கு வந்தார். இடையில் இரண்டாம் நிலையான ஏ.எச்.எல்.-இல் செயின்ட் ஜான்ஸ், ராச்செஸ்டர் ஆகிய அணிகளுக்கும் ஆடினார். அதற்கு மேலே கதவு திறக்கவில்லை. ஸ்டிங்ரேஸ் அணி 1997இலும் 2001இலும் இ.சி.எச்.எல்.-இன் கெல்லி கோப்பையை வென்றபோது அவர் அந்த அணியில் இருந்தார். 2002இல் ஆட்டத்தை நிறுத்திக்கொண்டு, அதே அணியில் துணைப் பயிற்சியாளர் ஆனார்.

முப்பது வயதில் ஒருவர் ஏன் நிறுத்த வேண்டும் என்று நீங்கள் கேட்கலாம். உடல் ஒரு காரணம். போட்டியின் அமைப்பு மற்றொன்று, அதைப் பற்றிப் பலரும் பேசுவதில்லை. இ.சி.எச்.எல். விதிப்படி, தொழில்முறையில் 260 ஆட்டங்களைத் தாண்டியவர் 'மூத்தவர்' என்ற வகையில் சேர்ந்துவிடுகிறார். ஓர் ஆட்டத்தில் அத்தகைய நால்வரை மட்டுமே ஓர் அணி களமிறக்கலாம். ஒரு பருவத்துக்கு எழுபதுக்குச் சற்று மேற்பட்ட ஆட்டங்கள் என்பதால், கல்லூரியோ இளையோர் போட்டியோ முடித்து வரும் ஒருவர் நான்கு பருவங்களில், இருபதுகளிலேயே, அங்கே மூத்தவர் ஆகிவிடுகிறார். ஏ.எச்.எல்.-இலும் இளைஞர்களுக்கு இடம் ஒதுக்கும் இதே வகை விதி உண்டு. மைனர் லீக் இளைஞர்களை மேலே அனுப்புவதற்காகவே இருக்கிறது. மேலே போக முடியாதவரை நெடுங்காலம் வைத்துக்கொள்ள அதற்கு இடமில்லை. ஆகவே ஆட்டத்தை விட மனமில்லாதவருக்குப் பயிற்சியாளர் வேலை ஒன்றே வழியாக எஞ்சுகிறது, அதிலும் கிடைக்கும் இடங்கள் மிகக் குறைவு.

அந்த வேலை எத்தகையது என்பதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். என்.எச்.எல். அணியில் தாக்குதலுக்கும் தடுப்புக்கும் கோல்காப்புக்கும் காணொளிக்கும் தனித்தனி ஆட்கள் உண்டு. மூன்றாம் நிலையில் தலைமைப் பயிற்சியாளரும் ஒரு துணையாளரும் இருந்தாலே பெரிது. ஆட்டக்காரர்களைத் தேடிப் பிடிப்பதும், சம்பள வரம்புக்குள் அவர்களை ஒப்பந்தம் செய்வதும், இரவுப் பேருந்தில் அடுத்த ஊருக்கு அழைத்துப் போவதும் பெரும்பாலும் அதே பயிற்சியாளரின் பொறுப்பு. வெள்ளி, சனி, ஞாயிறு என மூன்று நாளும் தொடர்ந்து ஆட்டங்கள் வரும். திங்கட்கிழமை அணியின் சிறந்த ஆட்டக்காரரை மேல் அணி அழைத்துக்கொள்ளும். அதற்கு வருந்தவும் முடியாது, ஏனெனில் அதற்காகத்தான் அந்த அணியே நடத்தப்படுகிறது. சமையல்காரர் பாதிச் சமையலில் இருக்கும்போது அடுப்பிலிருந்து பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு போவதைப் போன்றது அது, ஆனால் பந்திக்கு நேரம் மாறாது.

பெட்நார் இந்த வேலையைப் பதினான்கு ஆண்டுகள் செய்தார். அவர் ஆடியதோ ஒன்பது பருவங்கள்தான். 2007இல் ஸ்டிங்ரேஸின் தலைமைப் பயிற்சியாளரானார், 2009இல் கெல்லி கோப்பையை வென்றார். உடனே உயர்ந்துவிடவில்லை, ஏ.எச்.எல். அணிகளில், அபட்ஸ்ஃபோர்டில் மீண்டும் துணையாளராகி, பியோரியாவில் தலைமை ஏற்று, ஸ்பிரிங்ஃபீல்டில் மறுபடி துணையாளராகத் தொடங்கித் தலைமைக்கு வந்தார். இந்த ஏற்ற இறக்கத்தைச் சகித்ததே அவருடைய வரலாற்றில் என்னைக் கவர்ந்த பகுதி. 2016இல் கிளீவ்லாந்தின் லேக் ஈரி மான்ஸ்டர்ஸ் அணி அவருடைய பயிற்சியில் ஏ.எச்.எல்.-இன் கால்டர் கோப்பையை வென்றது. ஹெர்ஷி அணிக்கு எதிரான இறுதிச் சுற்றின் நான்காவது ஆட்டத்தில், கூடுதல் நேரம் முடிய இரண்டு வினாடிக்கும் குறைவாக இருந்தபோது ஆலிவர் பியோர்க்ஸ்ட்ராண்ட் அடித்த ஒரே கோல் அதை முடித்துவைத்தது.

இனி உங்கள் முக்கியமான வாதம். 2016 ஆகஸ்டில், ஐஸ் ஹாக்கியின் மாபெரும் கோல்காப்பாளர்களுள் ஒருவரான பேட்ரிக் ருவா, கொலராடோ அவலாஞ்ச் அணியின் பயிற்சியாளர் பதவியிலிருந்து திடீரென விலகினார். இரண்டு வாரத்தில் பெட்நார் அந்த இடத்துக்கு வந்தார். அந்தப் பருவத்தில் அணி பெற்ற வெற்றிகள் 22, தோல்விகள் 56. கூடுதல் நேரத் தோல்விகள் நான்கையும் சேர்த்து மொத்தப் புள்ளிகள் 48. போட்டியிலேயே கடைசி இடம். நட்சத்திரங்கள் இருந்தால் யாராலும் வெல்ல முடியும் என்கிறீர்கள். அந்த 48 புள்ளி அணியிலும் மெக்கின்னன் இருந்தார், அணித்தலைவர் லாண்டெஸ்காக் இருந்தார். அடுத்த பருவத்தில் அதே பயிற்சியாளரின் கீழ் அணி 95 புள்ளி பெற்று இறுதிக்கட்டச் சுற்றுகளுக்குத் தகுதி பெற்றது. அப்போது மகார் இன்னும் அணியில் சேரவில்லை.

மகாரின் பங்கைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். அந்தக் கடைசி இடத்தின் பயனாகவே, பின்தங்கிய அணிகளுக்கு முன்னுரிமை தரும் இளம் ஆட்டக்காரர் தேர்வில், 2017இல் நான்காவது ஆளாக அவர் கொலராடோவுக்குக் கிடைத்தார். 2022இல் டாம்பா பே அணியை வீழ்த்தி என்.எச்.எல்.-இன் ஸ்டான்லி கோப்பையை வென்றபோது இறுதிக்கட்டச் சுற்றுகளின் சிறந்த ஆட்டக்காரரும் அவரே. அந்தப் பருவத்தில் அணியின் வெற்றிகள் சரியாக 56, முன்பு கடைசி இடத்தில் முடிந்தபோது பெற்ற தோல்விகளின் அதே எண்ணிக்கை. பயிற்சியாளர் தனியாக வென்றார் என்று சொன்னால் அது அபத்தம். ஆனால் அந்தக் கடைசி இடத்துக்குப் பிறகும் நிர்வாகம் பெட்நாரை வைத்துக்கொண்டது. தானே பெரும் ஆட்டக்காரராக இருந்த ஜோ சாகிக்தான் அப்போது பொது மேலாளர். ஆடிய பெருமையை வைத்தே ஆளை அளக்க வேண்டும் என்றால், பெட்நாரை முதலில் அளந்து விலக்கியிருக்க வேண்டியவர் சாகிக்தான். மூன்று நிலைப் போட்டிகளிலும் தலைமைப் பயிற்சியாளராகக் கோப்பை வென்ற முதல் மனிதர் என்ற பெயர் பெட்நாருக்குக் கிடைத்தது அதன் பிறகுதான்.

ஒருவரை வைத்துப் பொதுவாகச் சொல்லலாமா என்ற கேள்வி நியாயமானது. 2022 இறுதிச் சுற்றில் எதிரணியின் பயிற்சியாளர் ஜான் கூப்பர் தொழில்முறையில் ஆடியதே இல்லை. வழக்கறிஞராக இருந்தவர், இளையோர் போட்டி, ஏ.எச்.எல். எனப் படிப்படியாக வந்து ஸ்டான்லி கோப்பையை இருமுறை வென்றவர். ஆகவே மைனர் லீக்கில் ஆடியிருப்பது தேவையான தகுதி என்றும் நான் சொல்ல முடியாது. இருவருக்கும் பொதுவாக இருப்பது கீழ்நிலை அணிகளில் பயிற்சியாளராகக் கழித்த ஆண்டுகள்தான். பெட்நாரைப் போலவே ஸ்டிங்ரேஸுக்கு ஆடி, அதே அணியில் துணையாளராகிப் பிறகு தலைமை ஏற்ற ஸ்பென்சர் கார்பெரி, 2014இல் இ.சி.எச்.எல்., 2021இல் ஏ.எச்.எல்., 2025இல் வாஷிங்டன் அணிக்காக என்.எச்.எல். என மூன்றிலும் ஆண்டின் சிறந்த பயிற்சியாளர் விருதைப் பெற்றார். அவரும் என்.எச்.எல்.-இல் ஓர் ஆட்டமும் ஆடியதில்லை.