கிணற்று வாயில் ஒரு காலை: டீச்சரம்மா பதில்கள்

போன இதழில் என் மெக்சிகோ பயணத்தைப் பற்றி நாலு வரி எழுதினாலும் எழுதினேன், தபால் குவிந்துவிட்டது. மிளகு விலை, பேத்தியின் பள்ளிக்கூடம் பற்றியெல்லாம் கேட்டவர்கள் அடுத்த இதழ் வரை பொறுத்துக்கொள்ளுங்கள். இந்த முறை மெக்சிகோ, குவாதமாலா பக்கத்துப் பழங்குடி மக்களான மாயர்கள் மட்டும்.

மகள் டல்லஸில் இருக்கிறாள். ஜனவரியில் எங்களை மெக்சிகோவுக்குக் கூட்டிப்போய் சிச்சென் இட்சா பிரமிடைக் காட்டுகிறேன் என்கிறாள். பஸ் டூர் போதும் என்கிறார் என் வீட்டுக்காரர் (வயது 68, முட்டி வலி). தனி கைடு வைத்து ஒருநாள் நிதானமாகப் பார்ப்போம் என்கிறாள் மகள். எனக்கு அது வீண் ஆடம்பரமாகப் படுகிறது. நீங்கள் எப்படிப் போனீர்கள்?
*வாசகி, நாயுடுபுரம், கொடைக்கானல்*

இரண்டு விதமாகவும் போனேன் தங்கச்சி. அதனால் தைரியமாகச் சொல்கிறேன்: மகள் பேச்சைக் கேளுங்கள்.

முதல் தடவை மகனும் மருமகளும் கான்கூன் என்ற கடற்கரை ஊரிலிருந்து பஸ் டூரில் கூட்டிப்போனார்கள். கான்கூனுக்கும் சிச்சென் இட்சாவுக்கும் சுமார் 200 கிலோமீட்டர். ஹோட்டல் ஹோட்டலாக நின்று ஆள் ஏற்றியதிலேயே ஒன்றரை மணி நேரம் போனது. அப்புறம் ஒரு வெள்ளி நகைக் கடை. பாத்ரூமுக்குப் போகவேண்டும் என்றாலும் கடையைச் சுற்றித்தான் போகவேண்டும். அப்புறம் சாப்பாடு. இடிபாடுகளுக்குள் நுழைந்தபோது உச்சி வெயில். கொடைக்கானல் மலையில் மே மாதத்திலும் ஸ்வெட்டரைக் கைக்கெட்டும் தூரத்தில் வைத்திருக்கிற உடம்பு இது. சிச்சென் இட்சா இருக்கிற யுகடான் பகுதியோ கடல்மட்டத்தை ஒட்டிய சுண்ணாம்புத் தரை, ஒரு மேடு கிடையாது. நாற்பது பேருக்கு ஒரு கைடு. கடைசியில் நின்ற எனக்கு "ஜாகுவார்" என்ற சொல் மட்டும் இரண்டு முறை காதில் விழுந்தது. ஒன்றேகால் மணி நேரத்தில் பஸ் ஹார்ன் அடித்துவிட்டது.

மறு வருடம் முந்தின நாளே வயதோலித் என்ற சின்ன ஊரில் போய்த் தங்கினோம். அங்கிருந்து சிச்சென் இட்சா முக்கால் மணி நேரம். காலை ஏழு மணிக்கு கைடு காரோடு வந்தார், எட்டு மணிக்கு வாசல் திறக்கும்போது நாங்கள் வரிசையில் முதல் பத்துப் பேரில் இருந்தோம். பஸ் டூரைப் போல மூன்று மடங்கு செலவு, உண்மைதான். ஆனால் அந்தப் பணத்தில் நான் வாங்கியது காரையோ ஏசியையோ இல்லை. முதல் இரண்டு மணி நேர அமைதியைத்தான்.

எப்படி என்றால், குகுல்கான் என்று பெயர் கொண்ட அந்தப் பெரிய பிரமிடின் படிக்கட்டுக்கு எதிரே நின்று கையைத் தட்டினால் எதிரொலி கைதட்டலாக வராது. கீச்சென்று ஒரு பறவை கூவுகிற மாதிரி வரும். கெட்சால் என்று ஒரு பச்சைப் பறவை, அதன் குரல் என்கிறார்கள். முதல் தடவை ஆயிரம் பேர் கைதட்டிக்கொண்டிருந்ததில் எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. இந்தத் தடவை கைடு ஒரே ஒரு தட்டு தட்டினார். கேட்டது. நானும் தட்டினேன். மருமகள் போதும் அத்தை என்று சொல்லும்வரை தட்டினேன்.

அப்புறம் உட்கார வைத்துப் பேசினார். அந்த ஊரின் பெயருக்கே "இட்சா மக்களின் கிணற்று வாய்" என்று அர்த்தமாம். வட யுகடானில் தரைக்கு மேலே ஆறே ஓடாது. மழைத் தண்ணீர் சுண்ணாம்புப் பாறைக்குள் இறங்கிவிடும். பாறை உள்வாங்கிய இடத்தில் பெரிய வட்டக் கிணறு போலத் தண்ணீர் தெரியும், அதுதான் செனோட்டே. ஊரே கிணற்றை நம்பி உண்டானது. பிரமிடுக்கு வடக்கே இருக்கிற புனிதச் செனோட்டேயை 1904 முதல் எட்வர்ட் தாம்ப்சன் என்ற அமெரிக்கர் தூர்வாரி, தங்கம், பச்சைக்கல், மனித எலும்பு என்று அள்ளி ஹார்வர்டின் பீபாடி அருங்காட்சியகத்துக்கு அனுப்பினார். ஒரு பகுதிதான் பிற்பாடு திரும்பி வந்தது. இதைச் சொல்லும்போது கைடின் குரல் மாறியது. அவர் தாய்மொழி மாயா. பஸ்ஸில் போயிருந்தால் கிணற்றைப் பார்த்திருப்பேன், அந்தக் குரலைக் கேட்டிருக்க மாட்டேன்.

என் வயதைக் கேட்டார். 63 என்றேன். குச்சியால் மண்ணில் மேலே மூன்று புள்ளி, கீழே மூன்று புள்ளி வைத்தார். மாயர் கணக்கு இருபது இருபதாகப் போகும். ஒரு புள்ளி ஒன்று, ஒரு கோடு ஐந்து, சிப்பி வடிவம் பூஜ்யம். மேல் வரிசை இருபதுகள்: மூன்று இருபது அறுபது, கீழே மூன்று. உங்கள் வீட்டுக்காரருக்கு மேலே மூன்று புள்ளி, கீழே ஒரு கோடும் அதன்மேல் மூன்று புள்ளியும். போட்டுக் காட்டுங்கள், முட்டி வலியை மறந்துவிடுவார்.

முட்டிக்குப் பயம் வேண்டாம், தளம் சமதரை. நிழல்தான் இல்லை, குடை எடுத்துக்கொள்ளுங்கள். பக்கத்திலுள்ள இக் கில் செனோட்டேயில் குளிக்க ஆசைப்பட்டால் மட்டும் யோசியுங்கள். தண்ணீர் தரைமட்டத்துக்குச் சுமார் 26 மீட்டர் கீழே, அத்தனை படி இறங்கி ஏறவேண்டும்.

சில்லறை விஷயங்கள். செல்லுபடியாகும் அமெரிக்க விசா பாஸ்போர்ட்டில் இருந்தால் இந்தியர்களுக்கு மெக்சிகோவின் தனி விசா தேவைப்படுவதில்லை. கிளம்புமுன் தூதரகத்தின் இணையப் பக்கத்தில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள். நுழைவுக்கு மத்திய அரசுக்கு ஒன்று, மாநிலத்துக்கு ஒன்று என இரண்டு கட்டணம். கான்கூன் கடிகாரம் யுகடானைவிட ஒரு மணி நேரம் முன்னால் ஓடும், அதனால் அங்கிருந்து நேராகப் போனாலும் ஒரு மணி நேரம் லாபம். ஞாயிறு வேண்டாம், மெக்சிகோக்காரர்களுக்கு அன்று இலவசம் என்பதால் கூட்டம் தாங்காது. முக்கியமாக, வருகிறவர் கைடா டிரைவரா என்று பணம் கட்டுமுன் கேளுங்கள். சுற்றுலாத் துறை தந்த அடையாள அட்டை கழுத்தில் இருக்கவேண்டும். டிரைவர் வாசலில் விட்டுவிட்டு நிழலில் தூங்குவார், தப்பில்லை, ஆனால் அதற்கு கைடு விலை தரக்கூடாது.

பிரமிடு மேலே ஏறி செல்ஃபி எடுக்க முடியுமா டீச்சர்?
*கல்லூரி மாணவர், வத்தலக்குண்டு*

முடியாது. பல வருடமாகத் தடை. கீழே நின்று படியை எண்ணு: ஒரு பக்கத்துக்கு 91, நாலு பக்கத்துக்கு 364, உச்சி மேடையைச் சேர்த்தால் 365.

மாயர்கள் என்பவர்கள் நம் மயன் வம்சம்தான், அங்குள்ள பிரமிடுகளைத் தமிழன்தான் கட்டினான் என்று வாட்ஸ்அப்பில் வந்தது. உண்மையா?
*வாசகர், குன்னூர்*

உங்களைக் கேலி செய்ய எனக்கு யோக்கியதை இல்லை, இதே கேள்வியை அந்தக் கைடிடமே கேட்டு வைத்தேன். பாண்டவர்களுக்கு மயன் சபை கட்டிக்கொடுத்த கதை கேட்டு வளர்ந்தவர்கள் இல்லையா நாம். அவர் கோபிக்கவில்லை. "உங்கள் ஊர்க்காரர்கள் இதைக் கேட்கிறார்கள், வேறு ஊர்க்காரர்கள் வேற்றுக்கிரகவாசி கட்டினானா என்று கேட்கிறார்கள். என் தாத்தா கட்டினார் என்று மட்டும் யாருக்கும் தோன்றுவதில்லை" என்றார். எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

பெயர் ஒலி ஒத்துப்போகிறது, அவ்வளவுதான். மாயர் மொழிகள் முப்பதுக்கு அருகில் இருக்கின்றன, தமிழோடு உறவு கிடையாது. கல்லை உயரமாக அடுக்க நினைக்கிற எவரும் அடியை அகலமாகத்தான் வைத்தாகவேண்டும். சந்தையில் உருளைக்கிழங்கைக் கொட்டினாலும் அதே வடிவம்தான்.

மாயர் இனம் ஏன் அழிந்தது? கட்டுரைப் போட்டிக்கு வேண்டும்.
*ஒன்பதாம் வகுப்பு மாணவி, கோத்தகிரி*

முதலில் தலைப்பை மாற்று கண்ணு, அவர்கள் அழியவில்லை. கி.பி. 800, 900 வாக்கில் குவாதமாலா பக்கத்துத் தெற்கு நகரங்கள் ஒவ்வொன்றாக வெறிச்சோடின. வறட்சி, ஓயாத சண்டை எனக் காரணங்கள் பல. ஆனால் சிச்சென் இட்சா தலையெடுத்ததே அதையொட்டித்தான். மாயர்களின் கடைசி சுதந்திர அரசு ஸ்பானியரிடம் வீழ்ந்தது 1697-ல். அதற்கு முன்பே 1562-ல் மனி என்ற ஊரில் தியேகோ தே லாந்தா என்ற பாதிரியார் அவர்களுடைய ஏடுகளைக் கொளுத்தினார். இன்று உலகத்தில் மிஞ்சியிருப்பவை நாலே நாலு.

மக்கள் இருக்கிறார்கள், லட்சக்கணக்கில். நம்ம ஊரில் பார்த்ததும் "சாப்பிட்டாச்சா" என்று கேட்பதுபோல யுகடானில் "பிஷ் அ பேல்" என்பார்கள். உன் பாதை எப்படி இருக்கிறது என்று அர்த்தம். கட்டுரையை அதில் ஆரம்பி.

நாங்கள் சுத்த சைவம். அங்கே பட்டினிதானா?
*வாசகி, ஊட்டி*

சோள ரொட்டி, கறுப்பு பீன்ஸ், வெண்ணெய்ப் பழம், அபனேரோ மிளகாய் இருக்கும்போது என்ன பட்டினி? பீன்ஸில் மட்டும் பன்றிக் கொழுப்பு சேர்ப்பது உண்டு. "சின் மன்டேகா", அதாவது கொழுப்பில்லாமல், என்று கேட்டு வாங்குங்கள். மக்காச்சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேகவைத்துத்தான் அரைக்கிறார்கள், அந்த வாசனை முதலில் ஒரு மாதிரி இருக்கும், மூன்றாவது ரொட்டியில் பழகிவிடும்.

இன்னொன்று. உன் ஊரில் என்ன விளையும் என்று கைடு கேட்டார். போனில் எங்கள் பந்தல் படத்தைக் காட்டினேன். "சயோத்தே!" என்று கத்திவிட்டார். நம்ம சௌசௌ! அதன் தாய்வீடே மெக்சிகோ பக்கம்தானாம். கொடைக்கானல் மலையில் இருந்து அரைப் பூமியைச் சுற்றிப்போய் மத்தியானச் சூப்பில் சௌசௌவைத்தான் குடித்தேன்.

பயணிகளுக்கு ஜீப் ஓட்டுகிறேன். தாண்டிக்குடி, பேத்துப்பாறை பக்கத்துக் கற்திட்டைகளைக் காட்டி நானும் அந்த மாதிரி தனி கைடு ஆகலாமா? என்ன படிக்கவேண்டும்?
*இளைஞர், பண்ணைக்காடு*

தம்பி, இத்தனை கடிதத்தில் உன்னுடையதைத்தான் இரண்டு முறை படித்தேன்.

பலகைக் கற்களை நிறுத்தி மேலே ஒரு கல்லை மூடிய பழனி மலைக் கற்திட்டைகளைப் பற்றி ஆங்லாட், நியூட்டன் என்ற இரண்டு பாதிரியார்கள் எழுதி, 1928-ல் இந்தியத் தொல்லியல் துறை புத்தகமாகவே போட்டிருக்கிறது. ஆங்கிலம்தான், மகளிர் குழுவில் படித்த பிள்ளை யாராவது இருந்தால் கூட உட்கார்ந்து படி. செண்பகனூர் அருங்காட்சியகத்தை ஒருநாள் முழுக்கப் பார். அப்புறம் உன் பாட்டியிடம் உட்கார். குள்ளர் வீடு, பாண்டவர் வீடு என்று ஊரில் சொல்கிற கதையையும் சொல், ஆனால் கதை என்று சொல்லிச் சொல். இரும்புக் காலத்து மக்கள் தங்கள் இறந்தவர்களுக்கு எழுப்பிய நினைவிடம் இது என்பதைத் தனியாகச் சொல். என் கைடு அப்படித்தான் செய்தார். "இது கல்வெட்டில் இருக்கிறது, இது எங்கள் ஆத்தா சொன்னது" என்று இரண்டு கையையும் தனித்தனியாக நீட்டுவார்.

நாலு பேருக்கு மேல் ஏற்றாதே. கற்திட்டைகள் பல காப்பித் தோட்டங்களுக்குள் இருக்கின்றன, முதலாளியிடம் கேட்காமல் நுழையாதே. வனத்துறை எல்லை என்றால் அனுமதி வேண்டும். விடிகாலையில் காட்டுமாடு நிற்கும், அவசரப்படாதே. மேற்கல்லில் ஏறி உட்கார்ந்து போட்டோ எடுக்க எவன் கேட்டாலும் விடாதே. நான் வேலையில் இருந்தபோது பிள்ளைகளைக் கூட்டிப்போய்க் காட்டிய ஒரு திட்டையின் பக்கக் கல் இன்று துணி துவைக்கிற கல்லாகக் கிடக்கிறது. எந்த ஊர் என்று எழுதமாட்டேன், அங்கே எனக்கு இன்னும் சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள்.

முதல் பயணியாக என் பெயரை எழுதிக்கொள். ஞாயிறு வேண்டாம். காலை ஏழு மணிக்கு வா, முன் சீட் எனக்கு.