கட்டிலில் படுத்திருப்பவரிடம் யார் பேசுவது? ஓய்வுபெற்ற மருத்துவர் ஒருவரின் கேள்வி பதில்

31 ஆண்டுகள் அரசு மருத்துவமனைகளில் பொது மருத்துவம் பார்த்தேன். ஓய்வுக்குப் பிறகு ஒரு தனியார் மருத்துவமனையின் நெறிமுறைக் குழுவில் இருக்கிறேன். நான் வக்கீல் இல்லை. ஆனால் டாக்டர்கள் எந்தெந்த விதிகளை மறந்ததுபோல் நடிப்பார்கள் என்பது தெரியும், நானும் நடித்திருக்கிறேன். நோய்க்கு மருந்து கேட்டு எழுதியவர்கள் மன்னிக்க வேண்டும். பார்க்காத நோயாளிக்கு மருந்து சொல்வதில்லை.

தஞ்சாவூரிலிருந்து ஒரு மகன்: அப்பாவுக்கு 68 வயது, இரைப்பையில் புற்றுநோய். ‘அல்சர்’ என்று சொல்லி வைத்திருக்கிறோம். உண்மை தெரிந்தால் இடிந்துபோவார். டாக்டரும் எங்கள் விருப்பப்படியே நடந்துகொள்கிறார். இது தவறா ஐயா?

உங்கள் பாசத்தில் தவறில்லை, தம்பி. டாக்டர் உங்கள் விருப்பப்படி நடப்பதுதான் உறுத்துகிறது. நோய் அப்பாவுடையது அல்லவா?

ஒரு நோயாளி நினைவுக்கு வருகிறார். தமிழாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். அவருக்கும் அல்சர் என்றுதான் வீட்டார் சொல்லியிருந்தார்கள். அவரைப் படுக்க வைத்திருந்த வார்டின் வாசலிலோ ‘புற்றுநோய்ப் பிரிவு’ என்று கொட்டை எழுத்தில் பலகை தொங்கியது. ஆயுள் முழுக்கத் தமிழ் சொல்லிக்கொடுத்தவர் அதைப் படிக்க மாட்டார் என்று குடும்பமே நம்பியது. ஒருநாள் மகன் டீ வாங்கப் போன நேரத்தில் என்னிடம் கேட்டார்: “எனக்குத் தெரியும் என்பது அவனுக்குத் தெரிய வேண்டாம் டாக்டர், தாங்கமாட்டான். எத்தனை மாதம் என்று மட்டும் சொல்லுங்கள். ஒரு கிரயப் பத்திரம் பாக்கி இருக்கிறது.” இரண்டு பக்கமும் நாடகம். நடுவில் அந்தப் பத்திரம்.

இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002ஆம் ஆண்டு நெறிமுறை விதிகளே இன்றும் டாக்டர்களைக் கட்டுப்படுத்துகின்றன. 2023 ஆகஸ்டில், அந்தக் கவுன்சிலின் இடத்துக்கு வந்த தேசிய மருத்துவ ஆணையம் புதிய விதிகளைக் கொண்டுவந்து, அந்த மாதம் முடிவதற்குள்ளாகவே நிறுத்தி வைத்தது. நோயின் கடுமையைக் கூட்டியும் சொல்லக்கூடாது, குறைத்தும் சொல்லக்கூடாது என்பது 2002 விதி. ஆனால் யாருக்குத் தெரிய வேண்டும் என்று சொல்லும் இடத்தில் நோயாளி, உறவினர், பொறுப்புள்ள நண்பர் என மூவரையும் ஒரே வரியில் அடுக்கிவிட்டது. எங்களைப் போன்றவர்கள் ஒளிந்துகொள்வது அந்த வரிக்குள்தான். வள்ளுவர் இதில் தெளிவானவர். மருத்துவத்தின் நான்கு பகுதிகளைச் சொல்லும் குறளில் நோயுற்றவன்தான் முதலில் வருகிறான், மருத்துவன்கூட அவனுக்குப் பிறகுதான். பக்கத்திலிருந்து பார்த்துக்கொள்பவன் கடைசி.

அதற்காக நாளைக்கே போய்ப் போட்டு உடைத்துவிடாதீர்கள். தெரிந்துகொள்ளாமல் இருக்கவும் அப்பாவுக்கு உரிமை உண்டு. டாக்டர் அவரைத் தனியாகப் பார்த்து, “ஐயா, உங்கள் உடம்பைப் பற்றிய விவரங்களை உங்களிடம் சொல்லட்டுமா, மகனிடம் சொன்னால் போதுமா?” என்று கேட்கட்டும். “அவனிடமே சொல்லுங்கள்” என்றால் அது அவர் எடுத்த முடிவு. “என்னிடம் சொல்லுங்கள்” என்றால் நீங்கள் வழிவிட வேண்டும். கீமோ தொடங்குவதற்கு முன் இது நடக்க வேண்டும். முடி கொட்டத் தொடங்கிய பிறகு அல்சர் கதை நிற்காது.

சேலத்திலிருந்து ஒரு சகோதரி: டிஸ்சார்ஜ் ஆகி ஒரு மாதம் ஆகிறது. கேஸ் ஷீட் (சிகிச்சைப் பதிவு) நகல் கேட்டால் ‘அது ஆஸ்பத்திரிச் சொத்து’ என்கிறார்கள்.

காகிதம் அவர்களுடையதாக இருக்கலாம். நகல் கேட்கும் உரிமை உங்களுடையது. உள்நோயாளிகளின் ஆவணங்களைச் சிகிச்சை தொடங்கிய நாளிலிருந்து 3 ஆண்டுகள் வைத்திருக்க வேண்டும், கேட்டால் ஒப்புகை கொடுத்து 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்பது அதே 2002 விதி. வாயால் கேட்காதீர்கள். எழுதிக் கொடுத்து, இன்னொரு பிரதியில் தேதியுடன் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தராவிட்டால் தமிழ்நாடு மருத்துவக் கவுன்சிலில் புகார் கொடுக்கலாம். பெரும்பாலும் அதுவரை போகாது. முத்திரை கேட்டதுமே குரல் இறங்கிவிடும்.

மதுரையிலிருந்து ஓர் அம்மா: கட்டி மட்டும் எடுப்பதாகச் சொன்னார்கள். கண் விழித்தபோது கர்ப்பப்பையே இல்லை. ‘திறந்து பார்த்ததும் அவசியப்பட்டது, உங்கள் கணவர் வெளியே கையெழுத்துப் போட்டார்’ என்கிறார்கள். எனக்கு 41 வயது.

அம்மா, உங்கள் கேஸ் ஷீட்டைப் பார்க்காமல் அந்த டாக்டர் செய்தது தவறு என்று நான் தீர்ப்புச் சொல்ல முடியாது. ஆனால் ஏறத்தாழ இதே கதை உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது.

1995இல் டெல்லியில் 44 வயதான, திருமணமாகாத ஒரு பெண் பரிசோதனைக்காக லேப்ராஸ்கோப்பிக்கு (சிறு துளை வழியே கேமரா விட்டு வயிற்றுக்குள் பார்ப்பது) போனார். மயக்கத்தில் இருந்தபோது டாக்டர் வெளியே காத்திருந்த தாயிடம் சம்மதம் வாங்கிக் கர்ப்பப்பையையும் சினைப்பைகளையும் எடுத்துவிட்டார். 2008 ஜனவரியில் வந்த தீர்ப்பு: பரிசோதனைக்குக் கொடுத்த சம்மதம் அறுவை சிகிச்சைக்குச் செல்லாது. சுயநினைவு திரும்பியதும் முடிவெடுக்கக்கூடிய வயதுவந்த பெண்ணுக்காகத் தாய் போட்ட கையெழுத்தும் செல்லாது. உயிருக்கு உடனடி ஆபத்து இருந்தால் மட்டுமே கேட்காமல் செய்யலாம். பின்னால் இன்னொரு அறுவை வேண்டியிருக்குமே, செலவு மிச்சமாகுமே என்பதெல்லாம் அவசரம் ஆகாது. அந்த டாக்டருக்குக் கெட்ட எண்ணம் இருந்ததாக நீதிமன்றம் கருதவில்லை. சிகிச்சைக் கட்டணத்தை இழக்கச் சொல்லி, 25,000 ரூபாய் இழப்பீடும் கொடுக்கச் சொன்னது. 13 ஆண்டுகளுக்குப் பிறகு 25,000. தொகையைப் பார்த்து எனக்கும் கோபம் வந்தது. ஆனாலும் உங்களைப் போன்றவர்கள் பிடித்துக்கொள்ள ஒரு கொம்பு கிடைத்தது அந்த வழக்கில்தான்.

நீங்கள் பார்க்க வேண்டியது இரண்டு. அறுவைக்கு முன் நீங்கள் கையெழுத்திட்ட படிவத்தில் கர்ப்பப்பை பற்றி ஏதாவது இருந்ததா? அறுவைக் குறிப்பில் நிற்காத இரத்தப்போக்கு போன்ற காரணம் எழுதப்பட்டிருக்கிறதா? சேலத்துச் சகோதரிக்குச் சொன்னபடி நகலை வாங்குங்கள், எடுத்த உறுப்பின் திசுப் பரிசோதனை அறிக்கையோடு சேர்த்து. நுகர்வோர் ஆணையத்துக்குப் போக 2 ஆண்டுக் கெடு உண்டு. தள்ளிப்போடாதீர்கள்.

பெயர், ஊர் வேண்டாம் என்றவர்: கருக்கலைப்புக்குக் கணவர் கையெழுத்து இல்லாமல் முடியாது என்கிறார்கள். உண்மையா?

உண்மையில்லை. 18 வயது நிறைந்த, மனநலம் உள்ள பெண்ணின் சம்மதம் மட்டும் போதும் என்பது 1971ஆம் ஆண்டுக் கருக்கலைப்புச் சட்டம். கணவர் கையெழுத்து ஆஸ்பத்திரிகள் தங்கள் பாதுகாப்புக்காகச் சேர்த்துக்கொண்ட வழக்கம். மறுத்தால் ‘இது எந்தச் சட்டப்பிரிவு?’ என்று கேளுங்கள். நாள் போகப் போகச் சிக்கல் கூடும் என்பதால், வாதாடிக்கொண்டே இருக்காமல் அரசு மருத்துவமனைக்குப் போய்விடுவது நல்லது.

கோவையிலிருந்து ஒருவர்: எங்கள் டாக்டர் குறிப்பிட்ட ஸ்கேன் சென்டரில்தான் எடுக்க வேண்டும் என்கிறார். வேறு இடத்தில் பாதி விலை. கமிஷனா?

இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். சில ஸ்கேன்களில் படத்தைப் படிக்கும் ரேடியாலஜிஸ்டின் கை முக்கியம். நானும் ஒருவரைத்தான் நம்பி அனுப்பினேன், பைசா வாங்காமல். ஆனால் எங்கள் தொழிலில் ‘கட்’ என்ற சொல்லுக்கு அறுவை சிகிச்சையைவிட இன்னொரு பொருள்தான் அதிகம் புழங்குகிறது என்பதை மறைக்கப் போவதில்லை. நோயாளியை அனுப்பியதற்குப் பங்கு கொடுப்பதும் வாங்குவதும் 2002 விதிகளின்படி குற்றம். மருந்து கம்பெனிகளிடமிருந்து பரிசும் சுற்றுலாவும் பெறுவதற்கான தடை 2009இல் சேர்ந்தது.

சண்டை வேண்டாம். “டாக்டர், இதை வேறு இடத்தில் எடுத்துவந்தால் படிப்பதில் என்ன குறை வரும்?” என்று கேளுங்கள். மருத்துவக் காரணம் இருந்தால் சொல்லிவிடுவார். முகம் சிவந்தால் உங்களுக்குப் பதில் கிடைத்துவிட்டது.

நாகர்கோவிலிலிருந்து ஒரு பெரியவர்: இன்னொரு டாக்டரிடம் கருத்துக் கேட்டால் இவர் கோபித்துக்கொள்வாரோ?

கோபித்துக்கொண்டால் கொள்ளட்டும். ஒளித்துப் போகாதீர்கள், ஒரே மருந்தை இருவரும் வெவ்வேறு பெயரில் எழுதி, இரண்டையும் விழுங்கி வந்தவர்களுக்கு நான் வைத்தியம் பார்த்திருக்கிறேன்.

ஒரு ஹவுஸ் சர்ஜன் (பயிற்சி மருத்துவர்): இரவுப் பணியில் ஒருவருக்குத் தவறான அளவு மருந்து ஏற்றிவிட்டேன் சார். உடனே கவனித்துச் சரிசெய்துவிட்டோம், அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. ‘வாயைத் திறக்காதே, கேஸ் ஆகிவிடும்’ என்கிறார் சீனியர். சொல்ல வேண்டுமா?

இவ்வளவு கேள்விகளில் என்னைத் தூங்கவிடாத கேள்வி இது.

எனக்கு உன்னைவிட இரண்டு மூன்று வயது கூடுதலாக இருக்கும். ஒரு பெண்ணுக்குப் பென்சிலின் ஊசி போடச் சொன்னேன். ஒவ்வாமை இருக்கிறதா என்று முதலில் துளி மருந்து போட்டுப் பார்க்கும் டெஸ்ட் டோஸ் பார்க்கவில்லை. வரிசை நீளமாக இருந்தது. பத்து நிமிடத்தில் உடம்பெல்லாம் தடிப்பு, மூச்சு இழுக்க ஆரம்பித்துவிட்டது. அட்ரினலின் கொடுத்தோம், பிழைத்துக்கொண்டார். மறுநாள் “என்ன ஆச்சு சாமி எனக்கு?” என்று கேட்டார். “உடம்புச் சூடம்மா, இளநீர் குடியுங்கள்” என்றேன். என்னைச் சாமி என்று கூப்பிட்ட மனுஷியிடம் சொன்ன பொய் அது. பொய்கூடப் பெரிதில்லை. எந்த மருந்தின் பெயரைக் கேட்டாலும் ஓடிவிட வேண்டுமோ, அந்தப் பெயரைத் தெரிந்துகொள்ளாமலேயே அவர் பஸ் ஏறிவிட்டார். அடுத்த காய்ச்சலுக்கு எந்த ஊரில், யாரிடம் ஊசிக்குக் கையை நீட்டினாரோ!

சீனியர் பயப்படும் அளவுக்குச் சட்டம் கொடுமையானதில்லை. சாதாரணக் கவனக்குறைவு குற்றவியல் வழக்காகாது, மிக மோசமான கவனக்குறைவு இருந்தால்தான் ஆகும் என்று 2005இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இழப்பீட்டு வழக்கு வரலாம், அது வேறு. முதலில் யூனிட் தலைவரிடம் நீயாகப் போய்ச் சொல். கேஸ் ஷீட்டில் நேரத்தோடு எழுது. பழைய வரியைத் திருத்தாதே, அடிக்காதே. பிறகு அவரையும் அழைத்துக்கொண்டு நோயாளியின் கட்டிலுக்குப் போ. உட்கார்ந்து பேசு, நின்றுகொண்டு பேசாதே. என்ன நடந்தது, என்ன செய்தோம், இனி எதைக் கவனிப்போம் என்று சொல். மன்னிப்புக் கேள். திட்டினால் வாங்கிக்கொள்.

திருநெல்வேலியிலிருந்து ஒரு கல்லூரி மாணவி: அரசு மருத்துவமனையில் என்னைச் சோதிக்கும்போது சுற்றிப் பதினைந்து மாணவர்கள். வேண்டாம் என்று சொல்லலாமா?

சொல்லலாம். இலவச சிகிச்சை என்பதற்காக உடம்பைப் பாடப்புத்தகமாகக் கொடுத்தாக வேண்டிய கட்டாயமில்லை. மறுத்தால் சிகிச்சையைக் குறைக்கவும் கூடாது. ஆண் டாக்டர் சோதித்தால் பெண் செவிலியர் உடனிருக்கக் கேட்கலாம். நாங்கள் கற்றதெல்லாம் இப்படிப் படுத்திருந்தவர்களிடம்தான் என்பதும் உண்மை. அதனால் முழுதாக மறுக்காமல் “இரண்டு பேர் இருக்கட்டும், பெண்களாக இருக்கட்டும்” என்று நீங்கள் சொன்னால் மகிழ்வேன். பேராசிரியர் உங்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் இந்தக் கடிதமே வந்திருக்காது.

திருச்சியிலிருந்து ஒருவர்: டாக்டருக்கு வாட்ஸ்அப்பில் ரிப்போர்ட் அனுப்பினால் கட்டணம் கேட்கிறார். நியாயமா?

நியாயம்தான். 2020 மார்ச்சில் வந்த தொலைமருத்துவ வழிகாட்டுதலின்படி அதுவும் சிகிச்சை ஆலோசனையே. அவர் கட்டணம் வாங்கலாம். உங்கள் பலசரக்குக் கடைக்காரருக்கு வாட்ஸ்அப்பில் பட்டியல் அனுப்பினால் சும்மாவா தருகிறார்?

காரைக்குடியிலிருந்து ஓர் ஆச்சி: எனக்கு 74 வயது. குழாய் செருகி, மெஷினில் போட்டு இழுத்துக்கொண்டு கிடக்க எனக்கு விருப்பமில்லை. இப்போதே எழுதி வைக்க முடியுமா? பிள்ளைகள் மூவரும் வெளிநாட்டில்.

முடியும் ஆச்சி. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் இதை அனுமதித்தது. அப்போது மாஜிஸ்திரேட் கையெழுத்து வேண்டும் என்றிருந்ததால் யாரும் அந்தப் பக்கம் போகவில்லை. 2023 ஜனவரியில் எளிதாக்கிவிட்டார்கள். நல்ல நினைவோடு இருக்கும்போது, எந்த நிலையில் எந்தச் சிகிச்சை வேண்டாம் என்று தெளிவாக எழுதுங்கள். இரண்டு சாட்சிகள் முன்னிலையில் கையெழுத்திட்டு, நோட்டரி அல்லது கெஜட்டட் அதிகாரியிடம் சான்று பெறுங்கள். உங்களால் பேச முடியாதபோது உங்களுக்காகப் பேச வேண்டியவர் பெயரையும் எழுதுங்கள். மனம் மாறினால் எப்போது வேண்டுமானாலும் திரும்பப் பெறலாம்.

எழுதிவிட்டதாலேயே யாரும் சட்டென்று மெஷினை நிறுத்திவிட மாட்டார்கள். பார்க்கும் டாக்டரோடு அனுபவமுள்ள இரண்டு நிபுணர்கள் சேர்ந்த குழு ஒன்று கூடிப் பார்க்கும். அதன் முடிவை இரண்டாவது குழு சரிபார்க்கும்.

‘வெளிநாட்டில்’ என்று எழுதியிருக்கிறீர்களே, அதுதான் கவலை. இரவு இரண்டு மணிக்கு உங்களைத் தூக்கிக்கொண்டு ஓடப் போவது பக்கத்து வீட்டுக்காரரோ தம்பி மகனோதான். ‘எல்லாம் செய்யுங்கள் டாக்டர்’ என்று தொலைபேசியில் அழப்போவது பிள்ளைகள். அவர்கள் அடுத்த முறை ஊருக்கு வரும்போது மூவரையும் உட்கார வைத்து நீங்களே வாசித்துக் காட்டுங்கள். தூக்கிக்கொண்டு ஓடுபவரிடம் ஒரு பிரதி, உங்கள் டாக்டரிடம் ஒன்று. பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில் மட்டும் வைக்காதீர்கள்.