கருக்கலைப்புக்குக் கணவரின் கையெழுத்து கட்டாயமா?

கேள்வி: எனக்கு வயது 31, இரண்டு குழந்தைகள். ஆணுறை பயன்படுத்தியும் மூன்றாவது கரு உண்டாகி எட்டு வாரமாகிறது. கணவரும் மாமியாரும் பெற்றே ஆக வேண்டும் என்கிறார்கள், எனக்கு விருப்பமில்லை. தனியார் மருத்துவமனையில், "வீட்டுக்காரர் கையெழுத்துப் போட்டால்தான் செய்வோம்" என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். நான் என்ன செய்வது? – வாசகி, திண்டுக்கல்

பதில்: கணவரின் கையெழுத்து தேவையில்லை. 18 வயது நிறைந்த, மனநோய் இல்லாத பெண்ணுக்குக் கருக்கலைப்புச் செய்ய அவருடைய சம்மதம் மட்டுமே போதும் என்று 1971ஆம் ஆண்டு மருத்துவக் கருக்கலைப்புச் சட்டத்தின் 3(4) பிரிவு கூறுகிறது. இதற்கான சம்மதத் தாள் 'படிவம் சி'. இன்னாரின் மகள் அல்லது மனைவி என்று நிரப்ப அதில் ஓர் இடம் உண்டு. அங்கே கேட்கப்படுவது பெயர்தான், கணவர் கையெழுத்திட அந்தப் படிவத்தில் இடமே கிடையாது. பின்னால் உறவினர்கள் வந்து தகராறு செய்வார்களோ என்ற அச்சத்தில்தான் பல மருத்துவமனைகள் தனியாக ஒரு தாளை நீட்டுகின்றன. அச்சம் புரிகிறது, ஆனால் அதற்காக ஒரு பெண்ணை அவளுடைய உடலுக்கே அனுமதி வாங்கி வரச் சொல்வது அநீதி. சட்டத்தில் இல்லாத இத்தகைய நிபந்தனைகளை மருத்துவர்கள் விதிப்பதை உச்ச நீதிமன்றம் 2022 செப்டம்பர் 29 அன்று வழங்கிய தீர்ப்பில் கண்டித்திருக்கிறது.

கரு தொடர்ந்தால் உங்கள் உடல்நலமோ மனநலமோ கடுமையாகப் பாதிக்கப்படும் என்ற ஒரு மருத்துவரின் கருத்து மட்டும் அவசியம். பெண்ணின் முடிவே போதும் என்று சொல்லாதது இச்சட்டத்தின் குறை என்பேன். எனினும் 20 வாரம் வரை, கருத்தடை பலிக்காமல் உண்டான கருவினால் வரும் வேதனையை மனநலத்துக்கான கடும் பாதிப்பாகவே சட்டம் கருதுவதால், ஆணுறை பயன்படுத்தியதை மருத்துவரிடம் தெளிவாகச் சொல்லுங்கள். உங்கள் விவரங்களை அவர் சட்டப்படி அதிகாரம் பெற்றவரைத் தவிர வேறு எவரிடமும், உங்கள் கணவரிடமும்கூட, வெளியிட்டால் ஓராண்டு வரை சிறைத்தண்டனை உண்டு.

கணவருக்குத் தெரியாமலோ அவர் சம்மதமின்றியோ, மருத்துவக் காரணமும் இன்றிக் கருவைக் கலைப்பது மனரீதியான கொடுமையாகக் கருதப்படலாம் என்று 2007இல் உச்ச நீதிமன்றம் ஒரு விவாகரத்து வழக்கில் குறிப்பிட்டது. உங்கள் கணவர் பிற்காலத்தில் விவாகரத்துக் கோரினால் அதைச் சுட்டிக்காட்டக்கூடும் என்பதால் சிகிச்சைச் சீட்டுகளைப் பத்திரப்படுத்துங்கள். அதேசமயம், தன் சம்மதமின்றிக் கருவைக் கலைத்ததாக மனைவிமீதும் மருத்துவர்கள்மீதும் இழப்பீடு கேட்ட கணவரின் மேல்முறையீட்டை அதே நீதிமன்றம் 2017இல் தள்ளுபடி செய்தது.

திண்டுக்கல் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் மகப்பேறு பிரிவுக்கு இந்த வாரமே செல்லுங்கள். குடும்பக் கட்டுப்பாடும் சேர்த்துச் செய்தாக வேண்டும் என்றால் மறுக்க உங்களுக்கு உரிமை உண்டு. அங்கும் கையெழுத்துக் கேட்டால் 15100 என்ற எண்ணில் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அழையுங்கள். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச உதவி கிடைக்கும். மாத்திரை மூலம் கலைப்பதற்கு ஒன்பது வாரமே வரம்பு. கரு கருப்பைக்குள்தான் இருக்கிறதா என்று பார்க்காமல் மருந்துக்கடையில் மாத்திரை வாங்கி விழுங்கிவிடாதீர்கள்.