பத்து லட்சம் போட்டு இணைத் தயாரிப்பாளர் ஆகலாமா?

பி.காம் முடித்து நாலு வருஷம் கணக்கு வேலை, கையில் பத்து லட்சம், 'எங்கள் சினிமாவுக்குக் கொடுத்தால் இணைத் தயாரிப்பாளர் என்று டைட்டிலில் பெயர் போடுகிறோம்' என்கிறார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். கொடுக்காதீர்கள் நண்பரே. பெயர் வரும், தொழில் வராது. லாபப் பங்கு எழுத்தில் இல்லையென்றால் அது முதலீடும் இல்லை, நன்கொடைதான்.

உங்கள் கணக்கு அறிவுக்கு இங்கே நல்ல மதிப்பு உண்டு. ஏதாவது கம்பெனியில் புரொடக்‌ஷன் அக்கவுண்டண்டாக உள்ளே போங்கள். தினமும் பேட்டா பட்டுவாடா, யூனிட் வண்டி வாடகை, டீசல், சாப்பாட்டு பில் எல்லாம் உங்கள் கை வழியாகப் போகும். படப்பிடிப்பு மாலை ஆறைத் தாண்டினால் ஒன்றரை கால்ஷீட் (கால்ஷீட் என்பது ஒரு நாள் வேலை நேரம்) கணக்கு ஆகிவிடும். இயக்குநர் 'இன்னும் ஒரே ஒரு ஷாட்' என்னும்போது அதன் விலை உங்களுக்கு உடனே தெரிய வேண்டும். (அந்த ஒரு ஷாட் எப்போதும் நாலு ஷாட்தான்!) அங்கிருந்து தயாரிப்பு நிர்வாகி (மேனேஜர்), அப்புறம் நிர்வாகத் தயாரிப்பாளர். மேனேஜராக வேலை செய்ய, சினிமா தொழிலாளர் சங்கங்களின் கூட்டமைப்பான ஃபெப்சியில் உள்ள நிர்வாகிகள் சங்கத்தின் கார்டு கேட்பார்கள், அதன் கட்டணத்தை நேரில் விசாரியுங்கள்.

உதாரணத்துக்குத் தயாரிப்பாளர் ஆர்.எம்.வீரப்பனை எடுத்துக்கொள்ளுங்கள். எம்.ஜி.ஆரின் கம்பெனியில் நிர்வாகம் பார்த்தவர். பிறகு சத்யா மூவிஸ் தொடங்கி 1964இல் 'தெய்வத்தாய்' எடுத்தார். 1995இல் வந்த 'பாட்ஷா'வும் அதே கம்பெனிதான்.

சரி, அந்தப் பத்து லட்சத்தை வங்கியிலேயே வையுங்கள். முதல் இரண்டு வருஷம் சம்பளம் ஒழுங்காக வராது, வாடகைக்கு உதவும்.