கடைமடையும் காட்டுக் குழுவும்

அன்புள்ள அக்காவுக்கு,

நேபாளத்து மலைக்கிராமங்களில் கூட்டம் போட்டுக் காட்டைப் பார்த்துக்கொள்ளும் ஊர்க்குழுக்களைப் பாராட்டிப் போன வாரம் எழுதியிருந்தீர்கள். அங்கே 2006இல் உள்நாட்டுப் போர் முடிந்த பிறகு எந்தப் பிரதமரும் முழுக்காலம் இருக்கவில்லை. 2025 செப்டம்பரில் நாடாளுமன்றத்தையே கொளுத்திவிட்டார்கள். இங்கே எங்கள் கிராம சபையில் வெள்ளைத்தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு அனுப்புகிறார்கள். கூட்டம் போட்டு என்னங்க ஜனநாயகம் வந்துவிடும்?

வாசகர், காங்கேயம்

அன்புள்ள தம்பி,

காத்மாண்டு தலைவர்களுக்கு வக்காலத்து வாங்க எனக்கும் மனமில்லை. நான் சொன்னது மலைக்கிராமங்களைப் பற்றி. 1993 வனச்சட்டம் வந்ததிலிருந்து அங்கே பக்கத்துக் காட்டை ஊர்க்காரர்களே குழு சேர்ந்து பார்த்துக்கொள்கிறார்கள். விறகு எப்போது வெட்டலாம், புல் யாருக்கு எத்தனை கட்டு, மரம் விற்ற பணம் எங்கே போனது என்பதெல்லாம் பொதுக்கூட்டத்துக்கு வரவேண்டும். 1996இல் அரசை எதிர்த்து மாவோயிஸ்டுகள் தொடங்கிய போரில் 17,000 பேர் வரை செத்தார்கள். 2002இல் உள்ளாட்சிப் பதவிக்காலம் முடிந்தது, தேர்தல் நடக்கவில்லை. ஊராட்சிச் செயலர்கள் பலர் உயிருக்குப் பயந்து ஊரைவிட்டே போய்விட்டார்கள். அப்போதும் பல ஊர்களில் காட்டுக் குழு கூடியது. இரண்டு பக்கத்துத் துப்பாக்கிக்கும் பயம்தான், ஆனாலும் அடுப்புக்கு விறகு வேண்டுமே.

கூட்டம் எதற்கு என்று எனக்குப் புரிந்தது எங்கள் அய்யனால். எங்களுடையது கீழ்பவானி வாய்க்காலின் கடைமடை, தண்ணீர் கடைசியாக வந்து சேரும் இடம். முறைத்தண்ணீர் விடும் நாளில் ராத்திரி 2 மணிக்கு டார்ச் லைட்டோடு மடையருகே நிற்பார். நாலு பேர் முன்னால் பேச வராதவர். ஆனால் பாசன சபைக் கூட்டத்தில் நாற்பது பக்க நோட்டை விரித்து, "நமக்குத் தண்ணி ஒன்றரை மணி நேரம் குறையுதுங்க" என்று சொல்லிவிட்டுத்தான் உட்காருவார்.

அந்தக் கூட்டத்தில் சொந்த நிலம் இல்லாதவர்களுக்கு இடமில்லை. எங்கள் தோட்டத்தில் களையெடுத்த பெண்கள் யாரும் ஒருநாளும் அங்கே வந்ததில்லை. அது இன்றும் என்னை உறுத்துகிறது. நேபாளத்துக் குழுக்களையும் மேல்சாதிக்காரர்கள் கையில் வைத்திருந்த ஊர்கள் நிறைய உண்டு. ஆனால் 20 வருடம் கழித்து 2017இல் உள்ளாட்சித் தேர்தல் வந்தபோது, வார்டுக்கு இரண்டு பெண்கள், அதில் ஒருவர் தலித் பெண் என்று சட்டமே போட்டார்கள். 6,500க்கு மேற்பட்ட தலித் பெண்கள் ஜெயித்து வந்தார்கள். காட்டுக் குழுவிலும் அம்மாக்கள் குழுவிலும் பேசிப் பழகியவர்கள் அவர்களில் உண்டு.

சரி, உங்கள் ஊருக்கு வருவோம். அடுத்த கிராம சபையில் வெள்ளைத்தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். வரவு செலவை வாசிக்கச் சொல்லுங்கள். நூறு நாள் வேலைக்குப் போகிற அக்காமார்களையும் கூட்டிக்கொண்டு போங்கள், தனியாகப் போகவேண்டாம். என்ன நடந்தது என்று எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
அக்கா