இன்டெக்ரிட்டி என்றால் வெறும் நேர்மைதானா?

"சக பணியாளர் ஒருவருக்கான பரிந்துரைக் கடிதத்தைத் தமிழாக்கம் செய்கிறேன். அதில் 'ஷி இஸ் எ பர்சன் ஆஃப் கிரேட் இன்டெக்ரிட்டி' என்று வருகிறது. அகராதியில் நேர்மை என்று போட்டிருக்கிறது. ஹானஸ்டிக்கும் நேர்மை என்றுதான் இருக்கிறது. அப்படியானால் இரண்டும் ஒன்றா?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

ஒன்றல்ல. உங்கள் அகராதி சொன்னது தப்பில்லை, ஆனால் பாதியைச் சொல்லி நிறுத்திக்கொண்டது. மொழிபெயர்ப்பே தொழில் என்பதால் இந்தச் சொல்லோடு நான் நிறைய மல்லுக்கட்டியிருக்கிறேன். அதனால் பதில் கொஞ்சம் நீளும்.

வேலைக்கு வந்த புதிதில் காயத்துக்குப் போடும் கட்டுத்துணி ஒன்றின் பயன்பாட்டுக் குறிப்பைத் தமிழாக்கினேன். பயன்படுத்தும் முன் பாக்கெட்டின் இன்டெக்ரிட்டியைப் பார்த்துக்கொள்ளச் சொல்லும் ஒரு வரி அதில் இருந்தது. பழைய மொழிபெயர்ப்புகளிலிருந்து மென்பொருள் எடுத்துக் கொடுத்த சொல் 'நேர்மை'. நானும் "உறையின் நேர்மையைச் சரிபார்க்கவும்" என்று விட்டுவிட்டேன். வேலை அவசரத்தில் அந்த வரியை நான் படித்தேனே தவிர, யோசிக்கவில்லை.

அதைச் சரிபார்க்க வந்தவர் அனுபவமுள்ள ஒரு செவிலியர். என்னைத் திட்டவில்லை. மாதிரிக்கு வைத்திருந்த ஒரு பாக்கெட்டை எடுத்து, "இங்க பாருங்க தம்பி" என்று விளக்கு வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்தார். ஒரு பக்கம் தாள், மறுபக்கம் கண்ணாடி போன்ற பிளாஸ்டிக். ஊசிமுனை அளவு ஓட்டை இருந்தாலும் வெளிச்சம் அதன் வழியாகத் தெரியும் என்றார். அப்புறம் நாலு ஓரத்திலும் ஒட்டியிருந்த இடத்தைக் கட்டைவிரலால் மெதுவாக அழுத்திக்கொண்டே போனார், எங்காவது பிரிந்திருக்கிறதா என்று. கடைசியாகத் தாள் பக்கத்தைத் திருப்பி ஈரம் பட்ட கறை இருக்கிறதா என்று பார்த்தார். ஈரம் பட்டால் தாள் கிழியாமலே கிருமி உள்ளே போய்விடுமாம். "நாங்க இதை, உறை பிரியாம கிழியாம நனையாம இருக்கான்னு பாருன்னு சொல்லுவோம்" என்றார்.

இந்தச் சொல்லைப் பற்றி எனக்குக் கிடைத்த மிகச் சிறந்த விளக்கம் அதுதான். அதன் வரலாற்றைப் பிறகு தேடிப் படித்தபோது, அவர் கட்டைவிரல் தடவிய இடத்திலேயே அதுவும் வந்து நின்றது. லத்தீனில் 'இன்டெஜர்' என்றால் முழுமையான, குறைபடாத என்று பொருள். 'இல்லை' என்பதற்கான முன்னொட்டும், 'தொடு' என்ற வினையின் வேரும் சேர்ந்து பிறந்த சொல். அதாவது, கைபடாதது. கணக்கில் முழு எண்ணை இன்டெஜர் என்கிறோமே, அதே சொல். 'முழுவதும்' என்று பொருள்படும் 'என்டயர்' பிரெஞ்சு வழியாகச் சுற்றிவந்த அதன் உறவுக்காரர். ஒரு பொருள் உடைந்து தூள் தூளாகப் போவதை 'டிஸ்இன்டெக்ரேட்' என்கிறார்களே, அதை எதிர்ப்பக்கமாக வைத்துப் பாருங்கள். பொருள் சட்டென்று பிடிபடும்.

ஆக, அடியில் இருக்கும் படம் 'எந்தப் பக்கமும் உடையாமல், எதுவும் உள்ளே கலக்காமல், முழுசாக இருப்பது'. ஒழுக்கம் அதற்கு மேலே வந்து உட்கார்ந்த பொருள். நேர்மை என்ற தமிழ்ச் சொல்லின் அடியில் இருப்பதோ வேறு படம், நேர்கோடு. வளையாமல், கோணாமல் இருப்பது. இரண்டும் நல்ல படங்கள்தான். ஆனால் ஒரு பாக்கெட்டோ பாலமோ கப்பலின் அடிப்பாகமோ நேர்மையாக இருக்க முடியாது. உறுதி குலையாமல் இருக்கலாம்.

கணினித் துறையில் இது இன்னும் பளிச்சென்று தெரியும். தகவல் பாதுகாப்பு படிப்பவர்களுக்கு முதல் பாடமே மூன்று சொற்கள்தான்: கான்ஃபிடென்ஷியாலிட்டி, இன்டெக்ரிட்டி, அவெய்லபிலிட்டி. தகவல் வெளியே கசியக் கூடாது, அனுமதியில்லாமல் மாறக் கூடாது, தேவைப்படும்போது கிடைக்க வேண்டும். நடுவில் இருப்பதைத் 'தரவு நேர்மை' என்று எழுதுகிற கட்டுரைகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வருத்தமாக இருக்கிறது, ஏனென்றால் அந்தச் சொல் படிப்பவரைத் தவறான பக்கம் கூட்டிப்போகிறது. இணையத்திலிருந்து பெரிய கோப்பு ஒன்றை இறக்கும்போது, அந்தக் கோப்பிலிருந்து கணக்கிட்டு எடுத்த, எழுத்தும் எண்ணுமான ஒரு நீண்ட சரத்தைப் பக்கத்தில் கொடுத்திருப்பார்கள். ஷா-256 என்ற கணக்குமுறை என்றால் அது 64 குறிகள். உங்கள் கணினியில் அதே கணக்கைப் போட்டு இரண்டு சரமும் ஒன்றாக இருக்கிறதா என்று பார்க்கலாம். கோப்பில் ஒரே ஒரு காற்புள்ளி மாறியிருந்தாலும் சரம் அடையாளம் தெரியாமல் மாறிப்போகும்.

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. அந்தச் சோதனை, கோப்பில் இருப்பது உண்மையா என்று பார்ப்பதே இல்லை. முழுக்க முழுக்கப் பொய் எழுதிய ஒரு கடிதம் ஒரு எழுத்துக்கூட மாறாமல் வந்து சேர்ந்தால், அந்தக் கோப்பின் இன்டெக்ரிட்டிக்கு ஒரு குறையும் இல்லை. ஹானஸ்டி வேறு, இன்டெக்ரிட்டி வேறு என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் எனக்குத் தெரியாது.

நாடுகளைப் பற்றிப் பேசும்போதும் இதே முழுமைதான். ஐக்கிய நாடுகள் சாசனம் 1945-ல் கையெழுத்தானது. அதன் 2-வது உறுப்பின் 4-வது பிரிவு, எந்த நாட்டின் 'டெரிட்டோரியல் இன்டெக்ரிட்டி'க்கும் எதிராகப் படைபலத்தைக் காட்டக் கூடாது என்கிறது. எல்லையை வெட்டிக் கூறுபோடக் கூடாது என்பது பொருள். தமிழில் இதை ஆள்புல ஒருமைப்பாடு என்று எழுதுகிறோம். அதே சாசனத்தின் 101-வது உறுப்புக்கு வாருங்கள். ஐ.நா. பணியாளர்களைத் தேர்ந்தெடுக்கும்போது திறமைக்கும் தகுதிக்கும் அடுத்து எதிர்பார்ப்பது, மிக உயர்ந்த இன்டெக்ரிட்டி. ஆங்கிலத்தில் ஒரே ஆவணம், ஒரே சொல். தமிழில் முன்னதற்குப் போட்ட 'ஒருமைப்பாடு' பின்னதற்குப் பொருந்தாது, பின்னதற்குப் போடும் 'நேர்மை' முன்னதற்குப் பொருந்தாது. தமிழ் ஏழை மொழி என்பதல்ல இதற்குக் காரணம். ஆங்கிலம் ஒரே பெட்டியில் போட்டு வைத்ததைத் தமிழ் தனித்தனி அறைகளில் வைத்திருக்கிறது, அவ்வளவுதான்.

பதிப்புரிமைச் சட்டத்திலும் இது வரும். பதிப்புரிமைக்கான பன்னாட்டு ஒப்பந்தமான பெர்ன் உடன்படிக்கையில் 1928-ல் சேர்த்த ஒரு விதிப்படி, தன் பெயருக்குக் கேடு வரும் வகையில் படைப்பைச் சிதைத்தால் படைப்பாளி எதிர்ப்புத் தெரிவிக்கலாம். இதை 'ரைட் ஆஃப் இன்டெக்ரிட்டி' என்பார்கள். படைப்பு சிதைக்கப்படாமல் இருக்கும் உரிமை என்று விளக்கமாக எழுதுவதே நல்லது. மருத்துவத்திலும் மனித உரிமையிலும் வரும் 'பாடிலி இன்டெக்ரிட்டி'யும் அப்படித்தான். என் சம்மதமில்லாமல் என் உடம்பில் யாரும் கைவைக்கக் கூடாது என்பது. 'தொடப்படாத' என்ற பழைய வேர் இங்கேதான் அப்படியே உயிரோடு இருக்கிறது.

சரி, மனிதர்களுக்கு வருவோம். உங்கள் கேள்வியே அதுதானே.

ஒருவர் உள்ளதை உள்ளபடி சொன்னால் ஹானஸ்ட். "இந்த முடிவு தப்பு என்று எனக்கும் தெரியும். ஆனால் எதிர்த்துப் பேசினால் என் பதவி உயர்வு போய்விடும், அதனால் கையெழுத்துப் போடுகிறேன்" என்று ஒருவர் சொல்கிறார் என்று வையுங்கள். அவர் ஒரு பொய்யும் சொல்லவில்லை. ஆனால் அவர் நம்புவது ஒரு பக்கம், கை செய்வது ஒரு பக்கம். நடுவில் விரிசல். அந்த விரிசல் இல்லாத நிலைதான் இன்டெக்ரிட்டி. ஹானஸ்டி பெரும்பாலும் வாயோடு சம்பந்தப்பட்டது. இன்டெக்ரிட்டி ஆள் மொத்தத்தோடும் சம்பந்தப்பட்டது.

ஆங்கிலேயத் தத்துவவாதி பெர்னார்ட் வில்லியம்ஸ் 1973-ல் ஒரு கற்பனைக் கதையை வைத்து இதை விவாதித்தார். ஜார்ஜ் ஒரு வேதியியலாளர். வேலை கிடைக்கவில்லை, குடும்பம் கஷ்டத்தில் இருக்கிறது. ரசாயன, உயிரியல் ஆயுத ஆய்வுக்கூடம் ஒன்றில் இடம் இருக்கிறது என்கிறார் தெரிந்தவர் ஒருவர். ஜார்ஜுக்கு அந்த ஆய்வே பிடிக்காது. ஆனால் அவர் மறுத்தால், அந்த ஆயுதங்களை இன்னும் மும்முரமாக உருவாக்கக்கூடிய வேறொருவர் அங்கே போய்விடுவார். விளைவை மட்டும் கூட்டிக் கழித்தால் ஜார்ஜ் போவதுதான் எல்லாருக்கும் நல்லது. ஆனால் தன் நம்பிக்கைகளை எல்லாம் ஓரமாக வைத்துவிட்டு அந்தக் கணக்குக்கு உடன்படு என்று ஒருவரைக் கேட்கும்போது, அவரிடமிருந்து எதையோ பிய்த்து எடுக்கிறோம். வில்லியம்ஸ் அதற்கு வைத்த பெயர் இன்டெக்ரிட்டி. ஜார்ஜ் வேலையை ஒப்புக்கொண்டாலும் அவர் யாரிடமும் பொய் சொல்லப்போவதில்லை என்பதைக் கவனியுங்கள். கேள்வி நேர்மையைப் பற்றியதே அல்ல.

அப்படியானால் தன் கெட்ட கொள்கையில் உறுதியாக நிற்கும் கொடுமைக்காரனுக்கும் இது உண்டா? நன்றாகவே விவாதிக்கலாம். ஆனால் வழக்கில் யாரும் அப்படிச் சொல்வதில்லை. மனிதரைப் பற்றிச் சொல்லும்போது, அவர் பிடித்துக்கொண்டிருப்பது நல்ல நெறி என்பதும் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. கோப்புக்கும் ஆளுக்கும் இந்த இடத்தில் வழி பிரிகிறது.

இதைத் தமிழன் யோசிக்காமல் இல்லை. 'உள்ளொன்று புறமொன்று' என்று குறை சொல்கிறோம். 'சாயம் வெளுத்துப் போச்சு' என்கிறோம். பணம் காசு விஷயத்தில் நம்பத்தக்கவரை 'நாணயமானவர்' என்கிறோம், இந்தச் சொல் எனக்கு மிகவும் பிடிக்கும். நல்ல காசை எங்கே வெட்டினாலும் உள்ளே அதே உலோகம்தான். கள்ளக்காசில் மேலே முலாம், உள்ளே ஈயம். லத்தீன்காரர் 'தொடப்படாதது' என்று பார்த்ததை நம் பேச்சுவழக்கு காசை வைத்துப் பார்த்திருக்கிறது என்றே எனக்குத் தோன்றும். ஆனால் இன்று நாணயம் என்றால் கொடுக்கல் வாங்கல் ஞாபகம்தான் முதலில் வருகிறது. அதனால் ஒரு நீதிபதிக்கோ ஆய்வாளருக்கோ அந்தச் சொல் மட்டும் போதாது.

பயன்பாட்டில் இடறும் இடங்களையும் சொல்லிவிடுகிறேன். இன்டெக்ரிட்டிக்குப் பொதுவாகப் பன்மை கிடையாது. முன்னால் 'ஒரு' என்ற பொருளில் 'ஆன்' சேர்த்து 'ஆன் இன்டெக்ரிட்டி' என்றும் எழுதாதீர்கள். இதைவிட முக்கியம், இதற்குச் சரியான பெயரடை இல்லை. 'இன்டெக்ரல்' என்பது பார்க்க அப்படி இருந்தாலும் 'பிரிக்க முடியாத அங்கமான' என்றுதான் பொருள் தரும். ஒருவரை 'இன்டெக்ரல் பர்சன்' என்றால் நீங்கள் நினைத்த பாராட்டு போய்ச் சேராது. அதனால்தான் 'பர்சன் ஆஃப் இன்டெக்ரிட்டி' என்று சுற்றிப் போகிறார்கள். இன்னொன்று, 'காம்ப்ரமைஸ்' என்ற வினை இதோடு அடிக்கடி ஜோடி சேரும். முத்திரையின் இன்டெக்ரிட்டி 'காம்ப்ரமைஸ்' ஆகிவிட்டது என்றால் யாரும் சமரசம் பேசவில்லை. முத்திரை பழுதுபட்டுவிட்டது, இனி நம்ப முடியாது என்று பொருள். இந்த இடத்தில் 'சமரசம்' என்று எழுதிய வரிகளை நானே பலமுறை திருத்தியிருக்கிறேன்.

உங்களுக்கு வந்த குழப்பம் ஆங்கிலம் பேசுகிறவர்களுக்கும் உண்டு. மெரியம்-வெப்ஸ்டர் அகராதி 2005-ன் சொல்லாக இதைத்தான் அறிவித்தது. அவர்களுடைய இணைய அகராதியில் அந்த வருடம் அத்தனை பேர் இதற்குப் பொருள் தேடியிருந்தார்கள்.

இனி உங்கள் கடிதம். 'மிகுந்த நேர்மை கொண்டவர்' என்று எழுதினால் தப்பில்லை, படிப்பவருக்கும் புரியும். ஆனால் பரிந்துரைப்பவர் அந்த அம்மாவைப் பற்றிச் சொல்ல நினைப்பது, அவர் பொய் சொல்லமாட்டார் என்பதை மட்டும் அல்ல என்று நினைக்கிறேன். கடிதத்தில் மற்ற இடங்களைப் பாருங்கள். பண விஷயம் பேசியிருந்தால் 'நேர்மையும் நாணயமும் உள்ளவர்' என்று எழுதுங்கள். நெருக்கடியில் நிலை மாறாமல் நின்றதைச் சொல்லியிருந்தால் 'கொண்ட கொள்கையிலிருந்து வழுவாதவர்' என்று எழுதலாம். எந்தக் குறிப்பும் இல்லை, பொதுவான பாராட்டுதான் என்றால் நான் இப்படி எழுதுவேன்: "சொல்லும் செயலும் ஒன்றாக நடப்பவர். யார் பார்த்தாலும் பார்க்காவிட்டாலும் அவர் வேலையில் மாற்றம் இருக்காது." ஆங்கிலத்தில் ஒரு வரி, தமிழில் இரண்டு வரியாகும். ஆகட்டும், பரவாயில்லை.